முசுக்கொட்டைப் பட்டையிலிருந்து மைசூர்த் தாள் வரை

இந்திய மக்களின் கைகளில் புழங்கும் காகிதப் பணத்தில் பெரும் பகுதி கர்நாடக மாநிலத்தோடு தொடர்புடையது. ரிசர்வ் வங்கிக்கு முழுவதும் உரிமையான பாரதீய ரிசர்வ் வங்கி நோட் முத்ரண் நிறுவனம் 1995 பிப்ரவரியில் பெங்களூரைத் தலைமையிடமாகக் கொண்டு அமைக்கப்பட்டது. அதன் இரு அச்சகங்களில் ஒன்று மைசூரிலும், மற்றொன்று மேற்கு வங்கத்தின் சால்போனியிலும் இயங்குகின்றன. நோட்டுக்கு வேண்டிய தாளைத் தயாரிக்கும் ஆலையும், மையைத் தயாரிக்கும் பிரிவும் பின்னர் மைசூரிலேயே எழுந்தன.

பெங்களூரிலிருந்து மைசூர் செல்லும் நெடுஞ்சாலையில் ராமநகரம் இருக்கிறது. பட்டுக்கூடுச் சந்தைக்குப் பெயர்பெற்ற ஊர் அது. அங்கு விற்பனைக்கு வரும் கூடுகளைக் கட்டிய புழுக்கள் தின்றது மல்பெரி எனப்படும் முசுக்கொட்டை இலை. பட்டுப்புழுவுக்கு இலை தரும் அதே மரத்தின் உட்பட்டையைக் கூழாக்கியே சீனப் பேரரசர் தம் பணத்தைச் செய்கிறார் என்று 13-ஆம் நூற்றாண்டில் அந்நாட்டில் வாழ்ந்த வெனிஸ் நகரத்து மார்க்கோ போலோ வியந்து குறித்துள்ளார். மைசூரில் உருவாகும் தாள் பட்டையால் ஆனதன்று, பருத்தியால் ஆனது. ஆயினும் ஒரு துண்டுத் தாள் எவ்வாறு பணமாகிறது, எந்நிலையில் அது வெறுந்தாளாகிவிடுகிறது என்ற கேள்விகளைச் சீன நாடு ஆயிரம் ஆண்டுகளுக்கு முன்பே எதிர்கொண்டுவிட்டது. அந்த அனுபவத்தின் வெளிச்சத்தில் நம் நாட்டு ஏற்பாடுகளை நோக்குவது பயனுடையது.

இரும்புக் காசின் பாரம்

காகிதப் பணத்திற்கு முன்னோடி சீனத்தின் தாங் வமிச காலத்தில், 9-ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் தோன்றியது. தென் மாநிலங்களிலிருந்து தேயிலை கொண்டுவந்து தலைநகரில் விற்ற வணிகர்கள், கிடைத்த செப்புக் காசுகளைச் சுமந்து ஊர் திரும்ப வேண்டியிருந்தது. அதற்கு மாற்றாக, தலைநகரிலேயே தத்தம் மாநில அலுவலகத்தில் காசைக் கட்டி, ஒரு சீட்டைப் பெற்று, சொந்த ஊரில் அதைக் காட்டிப் பணம் பெற்றனர். ‘பறக்கும் பணம்’ என்று அதற்குப் பெயர். நம் வணிகர்கள் நெடுங்காலம் கையாண்ட உண்டியல் முறைக்கு இது மிக நெருங்கியது. கோயிலில் காணிக்கை இடும் பெட்டியை மட்டுமே இன்று நினைவூட்டும் அச்சொல், ஒரு காலத்தில் ஓர் ஊரில் கட்டி மற்றோர் ஊரில் பணம் பெறும் சீட்டையே பெரிதும் குறித்தது. ஆனால் உண்டியலும் பறக்கும் பணமும் பணத்தை அனுப்பும் கருவிகள்தாம். அவை தாமே பணமாகிவிடவில்லை.

அந்த அடுத்த படி சிச்சுவான் மாநிலத்தில் நிகழ்ந்தது. செம்பு அரிதாகையால் அங்கு இரும்புக் காசே வழங்கிவந்தது. ஒரு பங்கு உப்பு வாங்க, அதைவிட எடை மிகுந்த இரும்பைத் தூக்கிச் செல்ல வேண்டிய நிலை. செங்டு நகரின் வணிகர்கள் காசை வாங்கி வைத்துக்கொண்டு ரசீது கொடுத்தனர். ரசீதுகள் கைமாறத் தொடங்கின. ‘ஜியாவ்சி’ என அவை அழைக்கப்பட்டன. நாளடைவில் 16 வணிகக் குடும்பங்களுக்கு இவ்வுரிமை அளிக்கப்பட்டது. அவர்கள் மக்கள் கட்டிய காசை வேறு முதலீடுகளில் போட்டு, கேட்டபோது திருப்பித் தர இயலாமல் தடுமாறினர். வழக்குகள் பெருகின. 1023-இல் அரசு தனி அலுவலகம் அமைத்து, மறு ஆண்டில் தானே தாளை வெளியிட்டது. உலகின் முதல் அரசாங்கக் காகிதப் பணம் இதுவே.

அந்த முதல் வெளியீட்டின் விதிகள் கூர்ந்து நோக்கத்தக்கவை. ஒரு தவணைக்கு வெளியிடத்தக்க உச்சவரம்பு 12,56,340 சரங்கள். (காசுகளை நடுத்துளையில் கோத்த ஒரு சரமே அந்நாட்டின் கணக்கு அலகு.) அதற்கு ஈடாக 3,60,000 சரம் இரும்புக் காசு காப்பிருப்பு. அதாவது ஏறத்தாழ 28 விழுக்காடு. ஒவ்வொரு தவணைத் தாளும் இரண்டாண்டுகளே செல்லும்; பின்னர் சரத்துக்கு 30 காசு கட்டணம் கட்டிப் புதுத்தாள் பெறவேண்டும். வெளியீட்டு வரம்பு, விகிதக் காப்பிருப்பு, பழைய தாளை மாற்றித் தரும் ஏற்பாடு ஆகிய மூன்றும் அன்றே தெளிவாக வகுக்கப்பட்டிருந்தன. ஐரோப்பாவில் வங்கித் தாள் தோன்ற அதன்பின் 600 ஆண்டுகளுக்கு மேலாயின.

விதிகள் மறக்கப்பட்டதால் அழிவு வரவில்லை. விதிகளை நன்கறிந்தே அரசுகள் மீறின. மேற்கு எல்லைப் போர்களுக்குப் பணம் தேவைப்பட்டபோது ஒரே காலத்தில் இரு தவணைத் தாள்கள் புழக்கத்தில் விடப்பட்டன. பின்னர் வரம்பு பல மடங்கு மீறப்பட்டது. 12-ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் மதிப்புச் சரிந்து, தாளின் பெயரையே மாற்றவேண்டியதாயிற்று. குப்ளாய்கான் 1260-இல் வெளியிட்ட தாளுக்குத் தொடக்கத்தில் வெள்ளிக் காப்பு இருந்தது. தென்சீனப் படையெடுப்பின் செலவால் வெளியீடு பெருகி, 1287-இல் புதிய தாள் ஒன்றுக்குப் பழைய தாள் ஐந்து என்று அறிவிக்க நேர்ந்தது. 1350-இல் அவ்வமிசத்தின் இறுதித் தாள் காப்பின்றியே வந்தது; 18 ஆண்டுகளில் அவ்வாட்சியும் முடிந்தது. 1375-இல் மிங் அரசு வெளியிட்ட தாள் ஓரடி நீளத்துக்கும் மேற்பட்டது. கள்ளத்தாள் செய்வோருக்குத் தலைவெட்டு, காட்டிக்கொடுப்போருக்கு 250 தேல் வெள்ளி என்று அதன் முகத்திலேயே அச்சிட்டிருந்தது. தண்டனையைப் பொறித்த அரசு, தாளுக்கு வெள்ளி தருவதாகப் பொறிக்கவில்லை. 15-ஆம் நூற்றாண்டின் நடுவில் அது பெரும்பாலும் மதிப்பிழந்தது. காகிதப் பணத்தைக் கண்டுபிடித்த நாடு, அதன்பின் சில நூற்றாண்டுகளுக்கு வெள்ளியை நிறுத்தே வணிகம் செய்தது.

ஒன்னாவர் வழியே சென்ற தூதர்

சீனத்து முறையைக் கேள்விப்பட்டுப் பிற நாட்டு மன்னர்களும் முயன்று பார்த்தனர். பாரசீகத்தை ஆண்ட மங்கோலிய மன்னன் கெய்காது 1294-இல் தப்ரீஸ் நகரில் சீனத்தைப் பின்பற்றித் தாள் வெளியிட்டான். கடைவீதிகள் அடைக்கப்பட்டன, சுமார் இரண்டு மாதங்களில் திட்டம் கைவிடப்பட்டது. தில்லியில் முகமது பின் துக்ளக் 1330-ஐ ஒட்டி வெளியிட்ட செம்பு, பித்தளை அடையாள நாணயங்களும் இந்த வரிசையைச் சேர்ந்தவையே. வெள்ளித் தங்காவின் மதிப்பைக் குறைந்த உலோகத்துக்குச் சுல்தானின் முத்திரை அளித்தது. ஆனால் அந்த முத்திரையை வீட்டுக்கு வீடு பொறிக்க முடிந்தது. தனித்தன்மையுள்ள தாளோ, சிக்கலான அச்சோ காப்புக்கு இல்லை. சில ஆண்டுகளில் நாணயங்களைத் திரும்பப் பெற நேர்ந்தபோது, சுல்தான் அவற்றுக்கு நல்ல பணமே கொடுத்தார் என்பதை அவருக்குச் சாதகமாகவும் சொல்லவேண்டும். கன்னட நாடகாசிரியர் கிரீஷ் கர்நாட் 1964-இல் எழுதிய ‘துக்ளக்’ நாடகத்தின் வழியே இச்சோதனை இன்றைய வாசகருக்கு அறிமுகமாகியுள்ளது.

அதே துக்ளக் சீனப் பேரரசருக்குத் தூதராக அனுப்பிய மொராக்கோ நாட்டு இபின் பதூதா, மேற்குக் கரை வழியே ஒன்னாவர், மங்களூர் ஆகிய கர்நாடகத் துறைமுகங்களில் தங்கிச் சென்றார். உள்ளங்கையளவுத் தாளைக் கொண்டே சீனர்கள் வாங்கி விற்பதையும், கிழிந்த தாளை அரசு அலுவலகத்தில் கொடுத்தால் கட்டணமின்றிப் புதுத்தாள் கிடைப்பதையும் தம் பயண நூலில் குறித்துள்ளார். ரிசர்வ் வங்கியின் நோட்டு மாற்று விதிகளின்படி இன்று எந்த வங்கிக் கிளையிலும் கிழிந்த நோட்டை நீட்டும் குடிமகன் கோருவதும் அதே உரிமைதான்.

கர்நாடகத்தில் நாணயமும் நோட்டும்

தமிழில் ‘பணம்’ என்பதே கன்னடத்தில் ‘ஹண’ ஆயிற்று. இரு மொழிகளிலும் அது முதலில் ஒரு சிறு பொன் நாணயத்தின் பெயர். 17-ஆம் நூற்றாண்டில் மைசூரை ஆண்ட கண்டீரவ நரசராஜரின் பெயரால் வழங்கிய கண்டீரவ ஹணம் நெடுங்காலம் புழங்கியது. பத்து ஹணம் கொண்ட கண்டீரவ வராகன் என்பது கணக்கேட்டில் மட்டும் இருந்தது. அப்படியொரு நாணயம் வார்க்கப்படவில்லை. கண்ணால் காணாத நாணயத்தில் ஓர் அரசின் வரவுசெலவுக் கணக்கு முழுவதும் எழுதப்பட்டதைப் பொருளியல் மாணவர்கள் கவனிக்கவேண்டும். மைசூர் நாணயச்சாலை 1833-இல் பெங்களூருக்கு மாற்றப்பட்டு, 1843-இல் மூடப்பட்டது.

காகிதப் பணத்தை இந்திய அரசாங்கத்தின் தனியுரிமையாக்கியது 1861-ஆம் ஆண்டின் காகிதச் செலாவணிச் சட்டம். 4 கோடி ரூபாய் வரையிலான நோட்டுகளுக்கு அரசுக் கடன் பத்திரங்கள் ஈடாகலாம். அதற்கு மேற்பட்ட ஒவ்வொரு ரூபாய் நோட்டுக்கும் முழுமதிப்பில் நாணயமோ உலோகமோ இருப்பில் வேண்டும். நாடு செலாவணி வட்டங்களாகப் பிரிக்கப்பட்டது. சென்னை வட்டத்து நோட்டு கல்கத்தாவில் சட்டப்படி செல்லாது. தபாலில் நோட்டு அனுப்புவோர் அதை இரண்டாக வெட்டி, முதற்பாதி சேர்ந்த செய்தி வந்தபின் மறுபாதியை அனுப்பும் வழக்கமும் அக்காலத்தது. 1903 முதல் 1911 வரை 5, 10, 50, 100 ரூபாய் நோட்டுகள் படிப்படியாக எல்லா வட்டங்களுக்கும் பொதுவாக்கப்பட்ட பின்னரே, நோட்டு பரவலாகக் கைமாறியது.

முதல் உலகப்போர் இந்த ஏற்பாட்டைச் சோதித்தது. வெள்ளி விலை ஏறி ரூபாய் நாணயத்துக்குத் தட்டுப்பாடு வந்தது. 1917-இல் ஒரு ரூபாய் நோட்டு முதன்முறையாக வெளியிடப்பட்டது. 1918-இல் நோட்டைக் கொடுத்து வெள்ளி கேட்போர் கூட்டம் பெருகவே, அமெரிக்க அரசு தன் இருப்பிலிருந்து 20 கோடி அவுன்சு வெள்ளியை இந்தியாவுக்காகப் பிரிட்டனுக்கு விற்று நிலைமையைத் தாங்கியது. அதே தட்டுப்பாட்டினால் ஐதராபாத் நிஜாம் அரசும் 1918-இல் சொந்த நோட்டுகளை வெளியிட்டது. பீதர், குல்பர்கா, ராய்ச்சூர் மாவட்டங்கள் அன்று நிஜாம் ஆட்சியில் இருந்தமையால் இந்நோட்டுகள் அங்குச் செலாவணியாயின; உருதுவோடு தெலுங்கு, மராத்தி, கன்னட எழுத்துகளும் அவற்றில் இடம்பெற்றன. பிரிட்டிஷ் இந்தியாவின் 6 ரூபாய்க்கு ஐதராபாத்தின் 7 ரூபாய் என்பது மாற்று விகிதம். ஐதராபாத் இந்திய ஒன்றியத்தில் இணைந்தபின் 1950-களில் இச்செலாவணி படிப்படியாக மறைந்தது.

தாளும் மையும்

நோட்டுகள் தொடக்கத்தில் இங்கிலாந்திலிருந்தே அச்சாகி வந்தன. 1928-இல் நாசிக் அச்சகம் இயங்கத் தொடங்கியபின் அச்சு நம் கைக்கு வந்தது, தாள் வரவில்லை. 1968-இல் மத்தியப் பிரதேசத்தின் ஹோஷங்காபாத்தில் காப்புத்தாள் ஆலை தொடங்கப்பட்டது. 1970-களின் நடுவில் தேவாஸ் அச்சகம் சேர்ந்தது. எனினும் தேவை இவற்றின் திறனை விஞ்சியது. பழைய அழுக்கு நோட்டுகளை மாற்ற முடியாமல் வங்கிகள் அவற்றையே மீண்டும் மீண்டும் புழக்கத்தில் விட்டன. 1990-களின் பிற்பகுதியில் அமெரிக்கா, பிரிட்டன், ஜெர்மனி ஆகிய நாடுகளின் நிறுவனங்களிடம் ஒரு லட்சம் கோடி ரூபாய் மதிப்புள்ள 100, 500 ரூபாய் நோட்டுகள் அச்சிட்டு வாங்கப்பட்டன. நாட்டின் செலாவணியை அச்சிடும் தகடுகள் அயல்நாட்டில் இருந்ததால் விளையக்கூடிய இடரைச் சுட்டி, நாடாளுமன்றக் குழு பின்னர் இதைக் கண்டித்தது. அக்கண்டனம் மிகையானதன்று.

பெங்களூர் நிறுவனத்தின் முக்கியத்துவம் இங்கேதான் விளங்குகிறது. மைசூர், சால்போனி அச்சகங்கள் இரண்டு முறைவேலைகளில் ஆண்டுக்கு 1,600 கோடி நோட்டுகளை அச்சிடும் திறனுடையவை. 2010-இல் அந்நிறுவனமும், நாசிக், தேவாஸ் அச்சகங்களை நடத்தும் மத்திய அரசு நிறுவனமும் சமபங்கில் கூடி, மைசூரில் ஆண்டுக்கு 12,000 டன் திறனுள்ள தாள் ஆலையை அமைத்தன. நூற்பாலைகளில் பஞ்சைச் சீவும்போது கழியும் குறும்பஞ்சே இதற்கு முதன்மை மூலப்பொருள். மரக்கூழ்த் தாளைவிட இது மடிப்பையும் வியர்வையையும் நெடுநாள் தாங்கும். தாள் ஈரக்கூழாக இருக்கும்போதே நீர்க்குறியும் காப்பு இழையும் அதனுள் அமைந்துவிடுவதால், அச்சைப் பார்த்து எழுதும் கள்ள அச்சடிப்பவன் தாளைச் செய்ய முடிவதில்லை. துக்ளக்கின் பித்தளைக்கு இல்லாத காப்பு இது. 2022 மார்ச்சில் ஆண்டுக்கு 1,500 டன் திறனுள்ள மை உற்பத்திப் பிரிவும் மைசூரில் நாட்டுக்கு அர்ப்பணிக்கப்பட்டது. ஹம்பியின் கல்தேரைத் தாங்கிய 50 ரூபாய் நோட்டின் மொழிப்பட்டியலில் கன்னடம் நான்காவதாகவும், தமிழ் பதின்மூன்றாவதாகவும் அகரவரிசைப்படி அமைந்துள்ளன.

வரம்பை யார் காப்பது

தாளும் மையும் நம்முடையவை ஆயின. ஆனால் சீன அரசுகளின் தாள்கள் வீழ்ந்தது கள்ள அச்சினால் மட்டுமன்று. பெரும்பாலும் நல்ல தாளின் மிகுதியினால். ஆகவே வெளியீட்டின் அளவு குறித்த சட்டங்களே இவ்வரலாற்றின் முக்கியமான பகுதி.

1934-ஆம் ஆண்டின் ரிசர்வ் வங்கிச் சட்டம் விகிதக் காப்பு முறையை ஏற்றது. நோட்டுகளின் ஈட்டில் 40 விழுக்காட்டுக்குக் குறையாமல் தங்கமும் ஸ்டெர்லிங் பத்திரங்களும் இருக்கவேண்டும் என்பது விதி. செங்டு நகரின் 28 விழுக்காட்டைவிட இது கடுமையானது. ஆயினும் இரண்டாம் உலகப்போரில் நோட்டுப் புழக்கம் சுமார் ஆறு மடங்காயிற்று. பிரிட்டன் இந்தியாவில் செய்த போர்ச் செலவுக்கு லண்டனில் ஸ்டெர்லிங் வரவு வைத்தது. அந்த ஸ்டெர்லிங்கை ஈடாகக் காட்டி இங்கு நோட்டு அச்சிடப்பட்டது. விதி ஒருநாளும் மீறப்படவில்லை. காப்பிருப்பு தேவைக்கு மேலேயே நின்றது. ஆனால் அந்த வரவைக் கொண்டு அன்று அரிசியோ துணியோ வாங்க முடியாது. விலைகள் ஏறின; 1943-இல் வங்காளத்தில் லட்சக்கணக்கானோர் பட்டினியால் மாண்டனர். அப்பஞ்சத்துக்குக் காரணங்கள் பல. போர்க்காலப் பணவீக்கம் அவற்றுள் ஒன்று. காப்பு விகிதம் என்பது தானே வரம்பாகிவிடாது என்பதற்கு இதனினும் கொடிய சான்று இல்லை.

சீனத்தின் பிற்கால அனுபவமும் இதையே காட்டுகிறது. 1935-இல் வெள்ளியைக் கைவிட்டு அந்நாடு மேற்கொண்ட புதிய நோட்டு, போரின் சுமையால் சிதைந்தது. 1948 ஆகஸ்டில் 30 லட்சம் பழைய நோட்டுக்கு ஒரு ‘பொன் யுவான்’ என்று மாற்றப்பட்டது. அதற்கும் 200 கோடி என்ற சட்ட வரம்பு இருந்தது. சில மாதங்களே அது நின்றது.

இந்தியாவில் 1956, 1957 திருத்தங்களின்படி விகிதம் நீக்கப்பட்டுக் குறைந்தபட்சக் காப்பு முறை வந்தது: 115 கோடி ரூபாய்த் தங்கம் உட்பட 200 கோடி ரூபாய். ஐந்தாண்டுத் திட்டங்களுக்கு வேண்டிய நெகிழ்ச்சியை இது தந்தது. ஆனால் புழக்கம் லட்சக்கணக்கான கோடிகளாகப் பெருகிய நிலையில் இத்தொகை எவ்வகையிலும் வரம்பன்று. உண்மையான கேள்வி, அரசின் பற்றாக்குறையை ரிசர்வ் வங்கி எந்த அளவு ஏற்பது என்பதாயிற்று. 1955 முதல் குறுகியகாலக் கருவூல உண்டியல்களைத் தாமாகவே ரிசர்வ் வங்கியின் பெயரில் உருவாக்கிப் பணம் பெறும் வசதி மத்திய அரசுக்கு இருந்தது. அவசரத்துக்கென வந்த அந்த ஏற்பாடு நிரந்தரமானது. 1994 செப்டம்பரில் அரசும் ரிசர்வ் வங்கியும் உடன்பாடு செய்து, 1997 ஏப்ரல் முதல் அம்முறையை அடியோடு நிறுத்தின. நிதிப் பொறுப்புச் சட்டத்தின்படி 2006 ஏப்ரல் முதல் அரசின் புதிய கடன் பத்திரங்களை ரிசர்வ் வங்கி நேரடியாக வாங்குவதும் விலக்கப்பட்டது. தேசியப் பேரிடர் போன்ற சில விதிவிலக்குகள் உண்டு. 2016-இல் ரிசர்வ் வங்கிச் சட்டமே திருத்தப்பட்டு, நுகர்வோர் விலை உயர்வை 4 விழுக்காட்டில், இருபுறமும் 2 விழுக்காடு இடைவெளியோடு, நிறுத்தும் இலக்கு அறிவிக்கப்பட்டது. தங்கத்தின் இடத்தில் இன்று நிற்பவை இவ்விதிகளே. எந்த நாடாளுமன்றப் பெரும்பான்மையும் இவற்றை மாற்ற முடியும் என்பதால், தங்கத்தைவிட இவை மென்மையானவை. ஆனால் மாற்றம் அனைவரும் அறிய நிகழவேண்டும். மிங் அரசின் பெட்டகத்தில் வெள்ளி இல்லாததைக் குடிமக்கள் அறிய வழியிருக்கவில்லை.

அதே 2016-இன் நவம்பரில் 500, 1000 ரூபாய் நோட்டுகள் செல்லாதவையாக அறிவிக்கப்பட்டன. 15.41 லட்சம் கோடி ரூபாய் நோட்டுகளில் 15.31 லட்சம் கோடி வங்கிகளுக்குத் திரும்பியது. அதன் பயன் பற்றிய கருத்து வேறுபாடுகள் எவ்வாறாயினும், மாற்று நோட்டுகள் வந்து சேரும் வரை மக்கள் வரிசைகளில் நின்றதும், மைசூர் உள்ளிட்ட அச்சகங்களின் திறனே அன்றாட வணிகத்தின் வேகத்தை நிர்ணயித்ததும் அனைவரும் அறிந்தவை.

காகிதமே இல்லாத நோட்டும் இப்போது வந்துவிட்டது. 2020-இல் சீன மத்திய வங்கி மின்னணு யுவானைச் சோதிக்கத் தேர்ந்த முதல் நகரங்களுள், ஜியாவ்சி பிறந்த செங்டுவும் ஒன்று. இந்தியாவில் 2022-இன் நிதிச் சட்டம் ‘வங்கி நோட்டு’ என்ற சொல்லின் இலக்கணத்தை மின்னணு வடிவத்துக்கும் விரித்தது. அவ்வாண்டு டிசம்பர் 1-ஆம் நாள் மும்பை, புதுதில்லி, பெங்களூர், புவனேசுவரம் ஆகிய நான்கு நகரங்களில் மின்னணு ரூபாயின் சில்லறைச் சோதனை தொடங்கியது. இதற்குத் தாள் வேண்டாம், மை வேண்டாம், கிழிந்து மாற்றவேண்டிய தேவையும் இல்லை. ரிசர்வ் வங்கியின் பொறுப்புக் கணக்கில் மட்டும், மைசூரில் அச்சான நோட்டைப் போலவே, இதுவும் ரூபாய்க்கு ரூபாய் ஏறுகிறது.